மாடியும் மன்றமும்

செஞ்சிக் கோட்டையைக் காணச் செல்வோர் மிகப் பலர். அதே செஞ்சிப் பகுதியில், மண்டகப்பட்டுக்கு அண்மையில் உள்ள தளவானூர் என்னும் சிற்றூரைக் காணச் செல்வோர் மிகச் சிலர். ஆயினும், கட்டடக் கலையை அறிய விரும்புவோர் அவ்வூரைத் தவறாது காணுதல் வேண்டும். மகேந்திரவர்மன் என்னும் பல்லவப் பெருவேந்தன் ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதியில் அங்குள்ள பாறையைக் குடைந்து ஒரு கோயில் அமைத்தான். அவனுக்குச் சத்துருமல்லன் என்றும் ஒரு பெயர் உண்டு. ஆதலின் அக்கோயில் சத்துருமல்லேசுவரம் எனப் பெயர் பெற்றது. முகப்பில் தூண்கள், தூண்களின்மேல் மகர தோரணம், இரு புறமும் வாயிற்காவலர், உள்ளே மண்டபம், அம்மண்டபத்தின் ஒரு பக்கத்தில் கருவறை, இவ்வளவே அக்கோயில்.

அங்கே ஒன்றை உற்று நோக்குதல் வேண்டும். இறைவனுக்கு அமைந்தது ஒரு சிறிய அறை. அடியார் கூடி நிற்பதற்கு அமைந்ததோ அதனினும் பெரிய மண்டபம். பாறையைக் குடைவது எளிய செயல் அன்று. ஒவ்வொரு சாண் இடமும் உளியின் உழைப்பால் பெற்ற இடம். அவ்வாறிருந்தும், மக்கள் கூடும் இடம் வீண் இடம் என்று அச்சிற்பி கருதவில்லை. உறைவதற்கு ஓர் இடம் வேண்டும். கூடுவதற்கும் ஓர் இடம் வேண்டும். இவ்விரண்டும் சேர்ந்ததே கட்டடம் என்பதை அவன் அறிந்திருந்தான்.

அவ்வுண்மையை நம் நாட்டு வீடுகளும் அறிந்திருந்தன. பழைய வீடுகளின் முன்புறத்தில் திண்ணை இருந்தது. திண்ணை வீட்டின் உள்ளும் அன்று, தெருவும் அன்று. இரண்டுக்கும் இடையே நின்று இரண்டையும் இணைப்பது அது. வழிப்போக்கர் அதில் இளைப்பாறினர். மாலையில் முதியோர் அமர்ந்து மழையைப் பற்றியும் விளைச்சலைப் பற்றியும் பேசினர். ஒருவர் வீட்டில் நோய் வந்தால், அச்செய்தி விளக்கேற்றும் பொழுதுக்குள் தெரு முழுதும் பரவிவிடும். ஊருக்கு நடுவே மரத்தடி மன்றம் இருந்தது. யாரும் யாரையும் அழைக்கவில்லை. எனினும் எல்லாரும் கூடினர். கூடுவதற்கு இடம் இருந்தமையே அதற்குக் காரணம்.

இன்று காலம் மாறிவிட்டது. செஞ்சியைச் சூழ்ந்த சிற்றூர்களிலிருந்து இளைஞர் கல்விக்கும் வேலைக்கும் சென்னைக்குச் செல்கின்றனர். மணம் முடித்து அங்கேயே குடியேறுகின்றனர். நிலம் அரிதாகிய பெருநகரில் வீடுகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்படுகின்றன. இதனை யாரும் குறை கூறுதல் இயலாது.

இத்தகைய சிற்றூர் ஒன்றிலிருந்து ஒரு முதியவர், சென்னையில் உள்ள தம் மகன் வீட்டில் தங்க வருகிறார் என்று வைத்துக்கொள்வோம். வீடு ஏழாம் மாடியில் இருக்கிறது. மகனும் மருமகளும் காலையில் வேலைக்குச் சென்றுவிடுகின்றனர். முதியவர் கதவைத் திறந்து வெளியே பார்க்கிறார். எதிரே இன்னொரு கதவு, அது மூடியிருக்கிறது. நடையில் வெளிச்சம் இல்லை. அமர இடம் இல்லை. இரவில் மகனிடம், "எதிர்வீட்டில் இருப்பவர் யாரப்பா?" என்று கேட்கிறார். "தெரியவில்லை, அப்பா, நாங்கள் வந்து மூன்று ஆண்டுதானே ஆகிறது!" என்று மகன் விடை கூறுகிறான். ஒரு திங்கள் கழிவதற்குள் முதியவர் ஊருக்குத் திரும்ப விரும்புகிறார். அவருக்கு உணவில் குறையில்லை; அன்பில் குறையில்லை; பேச்சுத் துணையே குறை.

இந்நிலையைக் கண்டு, "அடுக்குமாடி வீடு மனிதரைப் பிரித்துவிட்டது" என்று பலர் கூறுகின்றனர். இக்கூற்று முழுவதும் உண்மையா? நடுநிலை நின்று ஆராய்தல் நம் கடமையாகும்.

முதற்கண் திண்ணையைப் பற்றிய உண்மையை மறைக்காமல் கூறுதல் வேண்டும். திண்ணை எல்லார்க்கும் திண்ணையாக இருந்ததில்லை. ஊர் வேறு, சேரி வேறு என்று பிரிந்து கிடந்த சிற்றூர்களில், ஒரு சாரார் நடக்கவும் இயலாத தெருக்கள் இருந்தன. அத்தெருக்களின் திண்ணையில் அவர் அமர்வது எங்ஙனம்? பெண்டிரும் பல இடங்களில் வாயிலுக்கு உட்புறமே நின்றனர். பழைய ஊரில் உறவு இருந்தது. அவ்வுறவோடு வேலியும் இருந்தது. அடுக்குமாடி வீடோ, பலரையும் ஒரே படிக்கட்டில் ஏறச் செய்கிறது. ஒரே மின்தூக்கியில் நிற்கச் செய்கிறது. இது சிறிய நன்மை அன்று. உணவையும் மதத்தையும் கேட்டு வாடகைக்கு வீடு தர மறுப்போர் நகரில் இன்றும் உளர் என்பது உண்மையே. எனினும், பிறப்பால் தெருவைப் பிரித்த பழைய ஊரைவிட ஒரே வாயிலால் எல்லாரும் புகும் கட்டடம் சமத்துவத்துக்கு அணித்தானது. ஆதலின், நாம் பழைமைக்குத் திரும்புதல் வேண்டா. பழைமையில் இருந்த கூடும் இடத்தைப் புதுமையில் எல்லார்க்கும் உரியதாக அமைத்தல் வேண்டும்.

புதுமைக் கட்டடக் கலையைத் தோற்றுவித்தோரும் இதனை மறந்தவர் அல்லர். இரண்டாம் உலகப்போருக்குப் பின்னர் ஐரோப்பாவில் எண்ணற்ற மக்கள் வீடின்றித் தவித்தனர். அக்காலத்தில் லெ கொர்புசியே என்னும் கட்டடக் கலைஞர், பிரான்சு நாட்டின் மார்செய் நகரில் ஒரு பெரிய குடியிருப்பை எழுப்பினார். 1947-ஆம் ஆண்டு தொடங்கிய அவ்வேலை 1952-ஆம் ஆண்டு முடிவுற்றது. அதில் 337 வீடுகள் உள்ளன. பருத்த தூண்களின்மேல் நிற்கும் அக்கட்டடத்தின் உள்ளே நீண்ட நடைகளை அமைத்து, அவற்றைத் தெருக்கள் என்றே அவர் அழைத்தார். நடுமாடியில் கடைகளை வைத்தார். மொட்டைமாடியில் குழந்தைகளுக்குப் பள்ளியும், அவர்கள் விளையாட ஆழமற்ற நீர்த்தொட்டியும் அமைத்தார். ஓர் ஊரையே எடுத்து நிமிர்த்தி வைக்க அவர் விரும்பினார் எனலாம்.

எண்ணம் உயர்ந்ததாயினும், அதனைப் பின்பற்றியோர் பலர் அவர் கட்டடத்தின் உயரத்தை மட்டும் எடுத்துக்கொண்டனர். கடையையும் பள்ளியையும் விட்டுவிட்டனர். அமெரிக்க நாட்டின் செயின்ட் லூயி நகரில், புரூயிட்–ஐகோ என்னும் குடியிருப்பில் 1954-ஆம் ஆண்டு முதல் ஏழை மக்கள் குடியேறினர். பதினொரு மாடி கொண்ட கட்டடங்கள் 33 அங்கே வரிசையாக நின்றன. இருபது ஆண்டுகள் நிறைவதற்குள், 1972-ஆம் ஆண்டில், அரசே அவற்றை இடிக்கத் தொடங்கியது. அவ்வீழ்ச்சிக்குக் காரணம் பல. நகர மக்கள்தொகை குறைந்தது; பராமரிப்புக்குப் பணம் போதவில்லை. பழியைக் கட்டடத்தின்மேல் மட்டும் சுமத்துதல் முறையன்று. எனினும், அங்கே ஆசுக்கர் நியூமன் என்னும் அறிஞர் கண்ட ஒரு காட்சி நம் சிந்தனைக்கு உரியது. இரண்டு குடும்பங்கள் மட்டும் பகிர்ந்துகொண்ட படிமுகப்புகள் தூய்மையாக இருந்தன. இருபது குடும்பங்களுக்குப் பொதுவான நடைகளோ குப்பையும் அச்சமும் நிறைந்து கிடந்தன. வாழ்ந்தவர் ஒரே மக்கள், வறுமையும் ஒன்றே. வேறுபட்டது இடத்தின் அளவு ஒன்றே. 'இது நம்முடையது' என்று சிலர் சேர்ந்து உணரக்கூடிய இடம் காக்கப்பட்டது. யாருடையது என்று தெரியாத இடம் பாழாயிற்று.

இடம் உறவை வளர்க்கும் என்பதற்கு இன்னும் ஒரு சான்று உண்டு. அமெரிக்காவின் மாசாசூசெட்சு தொழில்நுட்பக் கழகத்து மாணவக் குடும்பங்கள் தங்கியிருந்த ஈரடுக்குக் கட்டடங்களை ஆராய்ந்து, பெசுட்டிங்கரும் அவருடைய தோழர்களும் 1950-ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டனர். ஒரே தளத்தில், அடுத்த கதவில் வாழ்ந்தோரில் நூற்றுக்கு 41 பேர் ஒருவரையொருவர் நெருங்கிய நண்பராகக் கூறினர். ஒரு வீடு தள்ளி இருந்தோரில் நூற்றுக்கு 22 பேரே அவ்வாறு கூறினர். தளத்தின் இரு கோடிகளில் இருந்தோரிடையே அவ்வெண் 10 ஆகக் குறைந்தது. கோடிக்குக் கோடி உள்ள தொலைவோ மிகப் பெரிதன்று! படிக்கட்டின் அடியில் வீடு பெற்றோர்க்கு மேல்மாடியிலும் நண்பர் மிகுந்திருந்தனர். ஏனெனில் மேலே ஏறுவோர் அவர் வாயிலைக் கடந்தே செல்லவேண்டும். நட்பு என்பது குணத்தால் மட்டும் பிறப்பதன்று. நாள்தோறும் எதிர்ப்படுதலாலும் பிறப்பது. அவ்வாறு எதிர்ப்படுதலைக் கூட்டவும் குறைக்கவும் வல்லவர் கட்டட வரைபடம் தீட்டுவோர். கதவு எங்கே, படி எங்கே என்று அவர் கோடு இழுக்கும்போது, யார் யாருக்கு நண்பராவர் என்பதையும் ஒருவாறு வரைந்துவிடுகின்றனர்.

இவ்வுண்மையை உணர்ந்து செயற்பட்ட நாடு சிங்கப்பூர். அங்கே நம் தமிழ் மக்களும் பல தலைமுறைகளாக வாழ்கின்றனர். 1960-ஆம் ஆண்டில் தோன்றிய வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் அந்நாட்டு மக்களுள் நான்கில் மூவருக்கு மேற்பட்டோர்க்கு மாடி வீடு அளித்துள்ளது. 1970-ஆம் ஆண்டுகள் முதல் அக்கழகம் ஒரு வழக்கத்தை மேற்கொண்டது. கட்டடத்தின் தரைத்தளத்தில் வீடு கட்டாமல், தூண்களுக்கு இடைப்பட்ட பகுதியை வெறுவெளியாக விட்டது. வீட்டுப் பஞ்சம் மிகுந்த ஒரு சிறிய தீவில், வீடு கட்டக்கூடிய இடத்தை வெறுமையாக விடுவதற்குத் துணிவு வேண்டும். அவ்வெறுமையே நிறைவாயிற்று. மலாய் மக்கள் அங்கே திருமணம் நடத்துகின்றனர். சீனர் இறந்தோர்க்கு இறுதிச் சடங்கு நடத்துகின்றனர். முதியோர் சதுரங்கம் ஆடுகின்றனர். பள்ளி விட்டு வரும் பிள்ளைகள் மழைக்கு ஒதுங்குகின்றனர். ஒரு வீட்டின் மகிழ்ச்சியும் துயரமும் எல்லார் கண்ணிலும் படுகின்றன. மேலும், 1989-ஆம் ஆண்டு முதல் ஒவ்வொரு கட்டடத்திலும் ஒவ்வோர் இனத்தாரும் இவ்வளவினர் வரை இருக்கலாம் என்று வரம்பு வகுத்துள்ளனர். அதனால் தமிழரும் மலாயரும் சீனரும் ஒரே தூண்களின் கீழ்ச் சந்திக்கின்றனர். அவ்வரம்பினால் சிறுபான்மையோர் தம் வீட்டை விற்பதில் இடர்ப்படுவதும் உண்டு. ஆயினும், அவ்வெறுவெளி அந்நாட்டின் திண்ணை என்பதில் ஐயமில்லை. அதுவும் யாரையும் விலக்காத திண்ணை.

இனி நம் சென்னைக்கு வருவோம். இங்கும் அடுக்குமாடிக் கட்டடங்கள் பல தூண்களின்மேல்தான் நிற்கின்றன. ஆனால், அத்தூண்களுக்கு இடையே நிற்பவர் மக்கள் அல்லர். அங்கே நிற்பவை கார்களும் இருசக்கர ஊர்திகளும். சிங்கப்பூர் மனிதருக்கு விட்ட இடத்தை நாம் பொறிகளுக்கு விட்டோம். சிறுவர் சற்று ஓடினால் காவலர் அதட்டுகிறார். 'இங்கே விளையாடக் கூடாது' என்னும் பலகையைப் பல வளாகங்களிலும் காணலாம். மொட்டைமாடியோ பல இடங்களில் பூட்டிக் கிடக்கிறது. அப்பளம் உலர்த்தியும், நிலவொளியில் சோறு உருட்டிக் கொடுத்தும், மாடிக்கு மாடி பேசியும் வாழ்ந்த மக்கள், இன்று ஒரு பூட்டின் இரு புறங்களில் வாழ்கின்றனர்.

நம் நகரின் பழைய குடியிருப்புகள் இவ்வாறு இருந்ததில்லை. திருவல்லிக்கேணியிலும் மயிலாப்பூரிலும் ஒண்டுக்குடித்தன வீடுகள் இருந்தன. பல குடும்பங்கள் ஒரு முற்றத்தையும் ஒரு குழாயையும் பகிர்ந்துகொண்டன. இடநெருக்கடி மிகுதி, பூசலும் உண்டு. ஆயினும் குழாயடியில் பூசலிட்டவரே பிள்ளைப் பேற்றின்போது முதலில் ஓடி வந்தனர். 1961-ஆம் ஆண்டுச் சட்டத்தின்வழித் தோன்றிய வீட்டு வசதி வாரியம் கட்டிய பழைய குடியிருப்புகள் பலவற்றிலும் சில மாடிகளே இருந்தன. ஒரு படிக்கட்டைச் சுற்றிச் சில வீடுகள், கட்டடங்களுக்கு இடையே மரநிழல், அந்நிழலில் சிறுவர் ஆட்டம் என்னும் அமைப்பை அங்கே காணலாம்.

ஏழை மக்கள் நிலை இன்னும் ஆழ்ந்து எண்ணத்தக்கது. 1970-ஆம் ஆண்டில் குடிசை மாற்று வாரியம் தோன்றியது. 2021-ஆம் ஆண்டு முதல் அது நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்னும் பெயர் பெற்றுள்ளது. ஆற்றங்கரையிலும் கால்வாய்க் கரையிலும் வாழ்ந்த குடும்பங்கள் பல, நகரின் தென்கோடிக்கு அப்பால் உள்ள கண்ணகி நகரிலும், பின்னர்ப் பெரும்பாக்கத்திலும் குடியமர்த்தப்பட்டன. வெள்ளத்துக்கும் தீக்கும் அஞ்சிய மக்களுக்கு உறுதியான சுவரும் கூரையும் கிடைத்தமை நன்மையே. ஆயினும், குடிசையில் அவர்களுக்கு ஒரு செல்வம் இருந்தது. வேலைக்குச் செல்லும் தாய் தன் குழந்தையை அண்டை வீட்டில் விட்டுச் செல்வாள். அரிசி இல்லாத நாளில் அடுத்த குடிசை உதவும். வேலை உண்டு என்னும் செய்தி வாயிலுக்கே வரும். குலுக்கல் முறையில் வீடு ஒதுக்கும்போது, இருபது ஆண்டு பழகிய அண்டை வீட்டார் ஆளுக்கொரு கட்டடத்தில், ஆளுக்கொரு மாடியில் சிதறிப்போக நேர்கிறது. வீடு ஒன்று பெற்றார். அண்டை ஒன்று இழந்தார். அவ்விழப்பை எந்தக் கணக்கேட்டிலும் எழுதுவாரில்லை. எட்டடுக்குக் கட்டடத்தில் மின்தூக்கி பழுதுறும் நாளில், நீர்க்குடத்தோடு படியேறும் தாய்க்குக் கை கொடுக்கும் அண்டை வீட்டாரே அவ்வேட்டில் விடுபட்ட செல்வம்.

ஆயினும், நம்பிக்கை இழத்தல் வேண்டா. கண்ணகி நகரில் கபடி பயின்ற பெண் ஒருவர், 2025-ஆம் ஆண்டில் பகரைன் நாட்டில் நடந்த ஆசிய இளையோர் விளையாட்டில் தங்கம் வென்ற இந்திய அணியில் இடம் பெற்றார். கபடிக்கு விலையுயர்ந்த கருவிகள் வேண்டா. கொஞ்சம் மண்ணும், கூடி ஆடத் தோழியரும் போதும். பொது இடம் கிடைத்தால் மக்கள் அதனை எவ்வளவு உயர்த்துவர் என்பதற்கு இஃது ஒரு சான்று.

ஆதலின், நாம் செய்யத்தக்கவை யாவை? முதலாவது, அரசும் கட்டுநரும் கூடும் இடத்தை மிஞ்சிய இடமாகக் கருதுதல் கூடாது. பெரிய மனைகளில் கட்டடம் எழுப்புவோர் பத்தில் ஒரு பங்கு நிலத்தைத் திறந்தவெளியாக ஒதுக்குமாறு நம் மாநில விதிகள் கூறுகின்றன. அவ்வெளி மூலையில் முடங்காமல், மக்கள் நாள்தோறும் கடந்து செல்லும் வழியில் அமைதல் வேண்டும். இரண்டாவது, இருபது வீட்டுக்கு ஒரு நீண்ட இருட்டு நடை என்பதை விட்டு, நான்கைந்து வீட்டுக்கு ஒரு காற்றோட்டமான முகப்பும், அதில் இருவர் அமர ஒரு திண்ணையும் அமைத்தல் வேண்டும். நம் வெப்ப நாட்டில் காற்று வராத இடத்தில் யார் நிற்பர்? கான்கிரீட்டுக் கட்டடத்தில் இஃது இயலாது என்பாரும் உளர். அவர் புதுச்சேரிக்குச் சென்று கோல்கொண்டா என்னும் விடுதியைக் காணலாம். அந்தோணின் இரேமண்டு என்னும் கலைஞரின் திட்டப்படி 1937-ஆம் ஆண்டில் வேலை தொடங்கிய அவ்விடுதி, திறந்து மூடும் பலகை வரிசைகளால் கடற்காற்றை உள்ளே வரவேற்கிறது. மூன்றாவது, குடிபெயர்க்கப்படும் ஏழை மக்களைத் தனித்தனிக் குடும்பமாகப் பிரிக்காமல், பழைய தெருவாரை ஒரே மாடியில் சேர்த்துக் குடியமர்த்துதல் வேண்டும். இதற்குப் பெருஞ்செலவு ஆகாது. மனம் ஒன்றே வேண்டும்.

கட்டடம் செய்வது பாதி. எஞ்சிய பாதியை மக்கள் செய்தல் வேண்டும். அடுக்குமாடி வீட்டின் படியும் நடையும் மொட்டைமாடியும் வீட்டு உரிமையாளர் எல்லார்க்கும் பிரிக்கப்படாத பங்காக உரியவை என்று சட்டம் கூறுகிறது. பராமரிப்புத் தொகை செலுத்துவதோடு அப்பங்கு முடிவதன்று. 2015-ஆம் ஆண்டு திசம்பர்த் திங்களில் சென்னையை வெள்ளம் சூழ்ந்தபோது, மேல்மாடியில் இருந்தோர் கதவைத் திறந்து கீழ்மாடியில் இருந்தோர்க்கு இடம் தந்தனர். ஒரே அடுப்பில் பலர்க்கும் சோறு ஆக்கினர். பல ஆண்டுகளாக ஒருவர் பெயரை ஒருவர் அறியாதவர் அன்று உறவினர் ஆயினர். வெள்ளம் வடிந்த பின்னர் அக்கதவுகள் மீண்டும் மூடிக்கொண்டமைதான் வருந்தத்தக்கது. திறக்கத் தெரிந்த கதவை வெள்ளம் வந்து தட்டும் வரை மூடி வைத்திருப்பானேன்?

மாணவர்களே! உங்களுள் பலர் நாளை அடுக்குமாடி வீடுகளில் வாழ்வீர்கள். சிலர் அவற்றைக் கட்டும் பொறியாளர் ஆவீர்கள். கட்டும் நாளில், தளவானூர்ப் பாறையில் மண்டபத்துக்கு இடம் விட்ட சிற்பியை நினைவில் கொள்ளுங்கள். வாழும் நாளில், எதிர்வீட்டு வாயிலில் தனித்து நிற்கும் முதியவர் ஒருவரைக் கண்டால், "தாத்தா, எந்த ஊர்?" என்று கேளுங்கள். அக்கேள்வி ஒன்றே ஏழாம் மாடியிலும் ஒரு திண்ணையை எழுப்பிவிடும்.